மறுபிறவியும் ஆளின் மதிப்பும்: ஒரு திரைப்படம் எழுப்பும் வினா

மறுபிறவிக் கொள்கை நம் நாட்டுச் சமயங்களுக்கே உரியது என எண்ணிப் பழகியுள்ளோம். ஆயின் 20ஆம் நூற்றாண்டில் மேலை நாட்டவர் பலரும் அதன்பால் ஈர்க்கப்பட்டனர். அவ்வீர்ப்பின் இயல்பை அறிய உதவுவது, 1970இல் வெளிவந்த ‘ஆன் எ கிளியர் டே யூ கேன் சீ ஃபாரெவர்’ என்னும் அமெரிக்க இசைத் திரைப்படம். 1965இல் பிராட்வே அரங்கில் ஆலன் ஜே லெர்னரும் பர்ட்டன் லேனும் அளித்த இசை நாடகத்தை வின்சென்ட் மினெலி திரைக்குக் கொணர்ந்தார்.

1. கதையின் போக்கு

டெய்சி என்னும் இளம்பெண் புகைப்பழக்கத்தை விட்டொழிக்க விரும்பி, மனநல மருத்துவர் சாபோவை நாடுகிறாள். அவர் அவளை அறிதுயிலில் ஆழ்த்துகிறார். அந்நிலையில் அவள், ரீஜென்சிக் கால இங்கிலாந்தில் வாழ்ந்த மெலிண்டா என்னும் சீமாட்டியாகப் பேசத் தொடங்குகிறாள். மருத்துவர் மெலிண்டாவின்மீது காதல் கொள்கிறார். டெய்சியோ மருத்துவரையே நேசிக்கிறாள். ஒருநாள் ஒலிப்பதிவு நாடாவைக் கேட்க நேர்ந்தபோது, அவர் தன்னை நாடவில்லை, தன் வழியாக வேறொருத்தியை நாடினார் என்று அறிந்து உள்ளம் நொறுங்குகிறாள். 2038இல் இருவரும் மணமக்களாக வாழ்வர் என்னும் முன்னறிவிப்புடன், இப்பிறவியில் அவர்கள் பிரிகின்றனர்.

2. அறிதுயிலும் நினைவும்

இத்தகைய கதைக்குக் களம் முன்னரே அமைந்திருந்தது. 1952இல் கொலராடோ மாநிலத்தில் அறிதுயிலுக்கு உட்பட்ட பெண்ணொருத்தி, 1798இல் அயர்லாந்தில் பிறந்த பிரைடி மர்ஃபி எனத் தன்னைக் கூறினாள். 1956இல் இது நூலாகி, பெரும் பரபரப்பை விளைவித்தது. அயர்லாந்தில் தேடியவர்களுக்கு அப்படியொருத்தி வாழ்ந்ததற்கு உறுதியான பதிவு கிட்டவில்லை. குழந்தைப் பருவத்தில் கேட்டு மறந்த செய்திகள் புதிய நினைவுகளாய் வெளிப்பட்டிருக்கலாம் என்று ஆய்ந்தோர் பலர் கருதினர். அறிதுயிலில் வெளிப்படும் நினைவுகளில் கற்பனை கலக்கக்கூடும் என 1985இல் அமெரிக்க மருத்துவச் சங்கத்தின் அறிக்கை எச்சரித்தது. நினைவில் உறுதி கூடலாம். அதனால் உண்மையும் கூடிவிடும் என்பதற்கில்லை.

2ஆம் நூற்றாண்டிலேயே ஐரேனியு, ஆன்மா உடல்விட்டு உடல் புகுமாயின் முந்தைய வாழ்வின் நினைவு இருத்தல் வேண்டுமே என வாதிட்டது இங்கு நோக்கற்பாலது. அக்குறையை நிரப்பவே இக்காலத்தார் அறிதுயிலை நாடினர் எனலாம். ஆதித் திருச்சபை மறுபிறவியை ஏற்றிருந்தது என்று சிலர் கூறுவர். அதற்கு ஓரிகனைச் சான்று காட்டுவர். ஆன்மா உடலுக்கு முன்னரே இருந்தது என்னும் கருத்து அவருடையதே. எனினும் மத்தேயு நற்செய்தியின் விளக்கவுரையில், எலியாவின் ஆன்மா யோவானுக்குள் புகுந்தது என்னும் பொருளை அவர் மறுத்தே எழுதினார்.

3. இரு வேறு மறுபிறவிகள்

இப்படத்தைக் கொண்டு நம் இந்து அயலாரின் நம்பிக்கையை எடைபோடுதல் பெருந்தவறாகும். அவர்களுக்குப் பிறவி என்பது கடக்கவேண்டிய கடல், வினையின் பிணி, நாடுவது வீடுபேறு. இப்படத்திலோ வினையும் இல்லை, விடுதலைத் தாகமும் இல்லை. மீண்டும் பிறத்தல் இங்கு இன்பத்தின் நீட்டிப்பாகவும், நிறைவேறாக் காதலுக்கு மறு தவணையாகவும் நிற்கிறது. மரணத்தை ஏற்க மனமில்லாத ஒரு பண்பாட்டின் ஏக்கம் இது. அவ்வேக்கத்தை இகழாமல் கேட்பது போதகரின் கடமை.

4. நேசிக்கப்படுவது யார்?

படத்தின் ஆழ்ந்த வினா டெய்சியின் கண்ணீரில் உள்ளது. பல பிறவிகளில் ஒருத்தியே தொடர்கிறாள் என்றால், இன்று எதிரே அமர்ந்திருப்பவளுக்கு மதிப்பு யாது? மருத்துவருக்கு அவள் வாயில் மட்டுமே. அவர் காண விரும்பியவள் வாயிலுக்கு அப்பால் இருந்தாள்.

யோவான் 9ஆம் அதிகாரத்தில் சீடர் செய்ததும் ஏறக்குறைய இதுவே. பிறவிக் குருடனின் நிலைக்குப் பின்னால் யாருடைய பாவம் உள்ளது என்று வினவினர். அவர்களுக்கு அவன் ஒரு சிக்கல். இயேசு அவ்வினாவை ஒதுக்கிவிட்டு அம்மனிதனைத் தொட்டார்; பின்னர் அவன் புறம்பே தள்ளப்பட்டபோது அவனைத் தேடிக் கண்டார்.

உயிர்த்தெழுதலின் நம்பிக்கையும் இவ்விடத்தே விளங்கும். எழுந்தவர் சிலுவையில் மாண்டவரே. ஆணிகளின் தழும்பு அவர் உடலில் நீங்காதிருந்தது. தோட்டத்தில் அழுத மரியாளை அவளுடைய சொந்தப் பெயராலேயே அழைத்தார். தேவன் நமக்குப் பதிலாக வேறொருவரை வாழ்விப்பதில்லை. நம்மையே, நம் தழும்புகளோடு வாழ்விக்கிறார். எபிரெயர் 9:27 கூறும் ஒருமுறை மரணத்தை நாம் அச்சுறுத்தலாகவே போதித்து வந்திருக்கிறோம். இவ்வொரு வாழ்வு ஈடு செய்யவியலாத மதிப்புடையது என்னும் நற்செய்தியும் அதில் உண்டு.

ஆற்றுப்படுத்தும் பணியில் இது நம்மைச் சோதிக்கும். நம்மிடம் வருபவரை இன்னார் மகன், இன்ன குலத்தார், முன்பு இன்ன பாவம் செய்தவர் என்று அவருக்கு அப்பால் நோக்குகிறோமா? அன்றி எதிரே அமர்ந்திருப்பவரையே காண்கிறோமா? என்றென்றைக்கும் காணலாம் என்பது படத்தின் தலைப்பு தரும் வாக்குறுதி. 1 கொரிந்தியர் 13இல் பவுல் எதிர்நோக்குவதோ முகமுகமாய்க் காண்பதை. அக்காட்சிக்கு இன்றே நம்மைப் பழக்குவது, முன்னிருக்கும் முகத்தை உண்மையாய்க் காணும் பணியே.