எங்கே பார்ப்பது? மூளை சொல்லும்

எதிரே இருப்பவர் மகிழ்கிறாரா, கோபப்படுகிறாரா, பயப்படுகிறாரா என்று முகம் பார்த்தே நொடியில் கண்டுகொள்கிறோம். இதற்காக மூளையின் பல பகுதிகள் சேர்ந்து உழைக்கின்றன. அவற்றில் ஒன்று அமிக்டலா. மூளையின் ஆழத்தில், பாதாம் பருப்பு வடிவில், இருபுறமும் ஒவ்வொன்று இருக்கிறது.

அரிய மரபணு நோயால் இரண்டு அமிக்டலாவுமே பழுதான அமெரிக்கப் பெண் ஒருவரை ஆய்வாளர்கள் பல ஆண்டுகள் கவனித்தார்கள். தெரிந்தவர்களின் முகங்கள் அவருக்கு அடையாளம் தெரிந்தன. சிரித்த முகமும் புரிந்தது. ஆனால் பயந்த முகத்தில் உள்ள பயம் பிடிபடவில்லை. 1994-இல் இந்த ஆய்வு வெளியானது.

காரணம் 2005-இல் தெரிந்தது. முகத்தைப் பார்க்கும்போது அவர் கண்களைக் கவனிக்கவே இல்லை. பயத்தை அதிகம் காட்டிக்கொடுப்பதோ அகல விரிந்த கண்கள்தான்! "கண்களைப் பாருங்கள்" என்று சொன்னதும், மற்றவர்களைப் போலவே அவரும் பயத்தைக் கண்டுகொண்டார். சொல்லாதபோது மறுபடியும் தவறவிட்டார்.

முகத்தில் எதைக் கவனிக்க வேண்டும் என்று நம் பார்வைக்கு வழிகாட்டுவதும் அமிக்டலாவின் வேலை என்பது இதனால் தெளிவானது. ஆகவே, வீட்டில் யாராவது பேச வந்தால் கைப்பேசியைக் கீழே வைத்துவிட்டு, அவர் கண்களைப் பார்த்துக் கேளுங்கள். வாய் சொல்லாத கலக்கமும் உங்களுக்குப் புரியும்.