பருவமெய்தும் பெண்மக்களும் நம் கடமையும்

ஐந்தருவியில் நீர் பெருகுங் காலத்தைக் குற்றாலத்துச் சுற்றுப்புற உழவர் யாவரும் அறிவர். சாரல் தொடங்குமுன்பே வாய்க்காலைத் தூர் வாரி, மடையைச் செப்பனிட்டு வைப்பர். ஆனால், வீட்டுப் பெண் பருவமெய்துங் காலத்திற்கு மட்டும் யாதோர் ஆயத்தமும் செய்வதில்லை.

அண்மையில் இப்பகுதிச் சிற்றூர் ஒன்றிற்கு நாம் சென்றிருந்தோம். ஏழாம் வகுப்பு மாணவி ஒருத்தி மூன்று நாட்களாகப் பள்ளிக்கு வரவில்லை. முதன்முதலாகக் கண்ட உதிரத்தைக் கொடிய நோயென்றெண்ணி, தாயிடமும் கூறாது அழுதுகொண்டிருந்தாள். முன்னரே ஒரு சொல் சொல்லியிருந்தால் இத்துன்பம் நேர்ந்திராது.

இம்மாற்றம் நோயுமன்று, தீட்டுமன்று. மூளையின் அடியிலுள்ள பிட்யூட்டரி சுரப்பி தூண்டுவதால் சூலகங்கள் வேலை செய்யத் தொடங்குகின்றன. முதலில் மார்பு வளரும். உயரம் விரைந்து கூடும். ஏறத்தாழ ஈராண்டுகளில் மாதவிடாய் தோன்றும். கருப்பையின் உட்புறத்தில் தடித்த மெல்லிய படலம், கரு தங்காதபோது உதிரத்துடன் வெளியேறுவதே அது. பெரும்பாலும் 10 முதல் 15 வயதிற்குள் நிகழும். முதல் ஓரிரு ஆண்டுகள் நாட்கள் முன்பின்னாக வருதல் இயல்பே. ஏழு நாட்களுக்கு மேல் உதிரம் நீடித்தாலும், 15 வயதாகியும் பூப்பெய்தாவிடினும் ஆரம்ப சுகாதார நிலையத்தை அணுகுதல் வேண்டும்.

உடலோடு உள்ளமும் மாறும். காரணமின்றிக் கோபம், கண்ணீர், நாணம், தனிமை நாட்டம் ஆகியவை தோன்றும். இவற்றைத் திமிர் என்று கடிந்து கொள்ளாது, தாயும் தந்தையும் பரிவோடு செவிசாய்த்தல் நன்று.

உளுந்தங்களியும் நல்லெண்ணெயும் தரும் நம் வழக்கம் நல்லதே. ஆயினும் உதிர இழப்பு மாதந்தோறும் நிகழ்வதாதலால், சில நாள் ஊட்டம் போதாது. முருங்கைக்கீரை, கேழ்வரகு, வாரமொரு இரும்புச்சத்து மாத்திரை ஆகியவை தொடர வேண்டும். துணி பயன்படுத்துவோர் அதனைச் சோப்பிட்டு அலசி, மறைவிலன்றி வெயிலில் உலர்த்துதல் இன்றியமையாதது.

தமிழக அரசு 2011-12 ஆம் ஆண்டில் தொடங்கிய புதுயுகம் திட்டம், 10 முதல் 19 வயது வரையுள்ள கிராமப் பெண்களுக்கு விலையில்லா அணையாடைகளை வழங்க ஏற்பட்டதாகும். பள்ளியை விட்டு நின்ற பெண்களையும் அது சென்றடைகிறதா என்பதை ஊராட்சி உறுப்பினர்கள் கவனித்தல் வேண்டும். பள்ளிக் கழிப்பறையில் தாழ்ப்பாளும் தண்ணீரும் உண்டா என்பதைக் கிராம சபையில் கேட்கலாம். பூப்பெய்தியதால் படிப்பை நிறுத்துவது பெரும் பிழை. 18 வயதிற்கு முன் மணமுடிப்பது சட்டப்படி குற்றம்.

மஞ்சள் நீராட்டு விழாவிற்குப் பந்தலிட்டுப் பெரும்பொருள் செலவிடும் பெற்றோர், அதற்கு ஓராண்டு முன்னரே மகளை அருகிலமர்த்தி அரைமணி நேரம் பேசலாகாதா?