‘ஜகாட்’: தோட்டத்தை விட்டு வந்தவர்களின் கதை

பெக்கோக் - ரப்பர், செம்பனைத் தோட்டங்கள் சூழ்ந்த சிற்றூர் பெக்கோக். “நாங்கள் தோட்டத்திலிருந்து வந்தவர்கள்” என்று சொல்லும் இந்தியக் குடும்பங்கள் சிகாமட் வட்டாரத்தில் ஏராளம். அப்படி வெளியேறியவர்களின் வீட்டுக்குள் அப்பா, பிள்ளை உறவு என்ன ஆனது என்று கேட்ட மலேசியத் தமிழ்ப்படம் ‘ஜகாட்’. குறும்படங்கள் வழியாக வந்த இயக்குநர் சஞ்சய் குமார் பெருமாளின் முதல் முழுநீளப் படம் இது. 2015 டிசம்பரில் திரையரங்குகளில் வெளியானது.

கதை 1990களின் தொடக்கத்தில் நடக்கிறது. 12 வயது அப்போய் குறும்புக்காரன், கற்பனை மிக்கவன். அவன் படித்து முன்னேற வேண்டும் என்பதில் அப்பா மணியம் பிடிவாதமாக இருக்கிறார். அந்த அக்கறை அடியாகவும் ஏச்சாகவும் வெளிப்படுகிறது. சித்தப்பா மெக்சிகோ குண்டர் கும்பலில் இருப்பவர். இன்னொரு சித்தப்பா பாலா போதைப் பழக்கத்தால் சீரழிந்தவர். இந்த மூவருக்கும் நடுவில் சிறுவன் தன் வழியைத் தேடுகிறான்.

இதன் பின்னணியைப் புரிந்துகொள்ள லயத்து வீட்டை நினைத்துப் பார்க்க வேண்டும். அந்த வீடு தொழிலாளிக்குச் சொந்தமல்ல, வேலையோடு சேர்ந்தது. தோட்டம் மேம்பாட்டுக்காகக் கைமாறியபோது வேலை மட்டும் போகவில்லை. வீடு, கோயில், தமிழ்ப்பள்ளி, அக்கம்பக்கத்து உறவு எல்லாம் ஒன்றாகப் போயின. பலர் பட்டணத்து ஓரப் புறம்போக்குக் குடியிருப்புகளில் ஒதுங்கினர். அங்கே வளர்ந்த இளைஞர்கள் சிலருக்குக் கும்பல்தான் ஆதரவாகத் தெரிந்தது. படம் அதைப் பெருமைப்படுத்தவில்லை. எப்படி நேர்ந்தது என்று காட்டுகிறது.

மொழியும் நம்முடையது. ‘ஜகாட்’ என்ற பெயரே ‘கெட்ட’ என்று பொருள்படும் மலாய்ச் சொல், நம் பேச்சுத் தமிழில் புழங்கும் வடிவம். பாத்திரங்கள் சென்னைத் தமிழ் பேசுவதில்லை. நம் வீட்டிலும் கடைத்தெருவிலும் கேட்கும் தமிழையே பேசுகிறார்கள்.

இத்தகைய படம் எடுப்பது எளிதல்ல. மலேசிய இந்தியர்கள் நாட்டு மக்கள்தொகையில் சுமார் 7 விழுக்காட்டினர்தான். அந்தச் சிறிய ரசிகர் கூட்டத்தைத் தமிழ்நாட்டின் பெரிய நட்சத்திரப் படங்களோடு பங்கிட வேண்டியுள்ளது. இருந்தும் 2005இல் தீபக் குமரன் மேனன் ‘செம்மண் சாலை’ படத்தில் தோட்டத்து வாழ்வைத் திரைக்குக் கொண்டுவந்தார். அந்தத் தடத்தில் பத்தாண்டுகள் கழித்து வந்தது ‘ஜகாட்’.

2016இல் 28ஆவது மலேசியத் திரைப்பட விழா இன்னொரு கேள்வியை எழுப்பியது. தேசிய மொழியில் அல்லாத படங்களைத் தனிப் பிரிவில் ஒதுக்கும் ஏற்பாட்டுக்குக் கடும் எதிர்ப்பு கிளம்பியது. தமிழில் எடுத்தால் அது மலேசியப் படம் ஆகாதா என்பதே விவாதத்தின் சாரம். பின்னர் எல்லா மொழிகளுக்கும் பொதுவான சிறந்த மலேசியத் திரைப்பட விருது அறிவிக்கப்பட்டது. அதை வென்றது ‘ஜகாட்’. சஞ்சய் குமாருக்குச் சிறந்த புதுமுக இயக்குநர் விருதும் கிடைத்தது.

இந்த விருது ஓர் இயக்குநரின் வெற்றி மட்டுமல்ல. நம் தாத்தா பாட்டிகள் பால் வெட்டிய காடுகளின் கதையும், அங்கிருந்து வெளியேறிய வேதனையும் இந்நாட்டின் கதைதான் என்பதற்கான ஒப்புதல் அது. தோட்டத்தில் பிறந்து வளர்ந்த தலைமுறைக்கு இப்போது வயதாகிவிட்டது. அவர்களோடு அமர்ந்து இந்தப் படத்தைப் பார்த்தால், பிள்ளைகள் கேட்பதற்கும் பெரியவர்கள் சொல்வதற்கும் நிறைய இருக்கும்.