முதுகுப்புறத்துச் சபை

பத்து வயதில் என் காலிற் சதங்கை கட்டியவர் என் தாய்மாமன். மட்டக்களப்பு வாவிக்கரைக் கிராமமொன்றில் அவர் அண்ணாவியார். பகலில் வயல், இரவில் மத்தளம். கூத்துப் பழக மாதக்கணக்காகும். சட்டங்கொடுத்தல், சதங்கை அணிதல், அரங்கேற்றம் என ஊரே அதனுள் அமிழ்ந்து கிடக்கும். வட்டக்களரியின் நாற்புறமும் சனம். ஆடுவோனுக்கு முன் என்றும் பின் என்றும் ஒன்றில்லை.

பேராதனைப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் கூத்தை நவீன மேடைக்குக் கொணர்ந்த வரலாற்றை வாசகர்கள் அறிவர். 1956 இல் சரச்சந்திரரின் 'மனமே' சிங்கள நாடகத்திற்குப் புதுவழி காட்டிற்று. தமிழிற் 'கர்ணன் போர்' (1962), 'நொண்டி நாடகம்' (1963), 'இராவணேசன்', 'வாலிவதை' என்பன தொடர்ந்தன. விடியுமட்டும் ஆடிய கூத்துச் சில மணிநேரத்துள் அடங்கியது. 'இராவணேசனில்' இராவணனாக ஆடிய சி. மௌனகுரு, பின்னர் 'சங்காரத்தில்' வடமோடி ஆட்டத்தைக் கொண்டே சமுதாயப் போராட்டத்தைப் பேசினார்.

அவ்வழியில் எழுந்த நாடகமொன்றில், 1970களில், நானும் ஆடினேன். வட்டமாகச் சுழன்ற வரவாட்டம் சபையை நோக்கிய நேர்கோடாயிற்று. பிற்பாட்டுக்காரர் ஓரத்திற்கு ஒதுங்கினர். விளக்கொளி என்மேல் விழ, சபை இருளில் மறைந்தது. இதனைக் குறையாகச் சொல்லவில்லை. கூத்தை நாட்டுப்புறத்தார் கூச்சலென்று நகைத்த கற்றோர் அன்று அசையாதிருந்து பார்த்தனர். அந்தப் பெருமிதம் எனக்கு இருந்தது.

மாமாவும் வந்திருந்தார். வெளியே நின்று வெற்றிலையை மடித்தபடி கேட்டார்: "நல்லா ஆடினாய், மருமகன். உனக்குப் பின்னுக்கு ஆர் இருந்தது?"

"திரைதான் மாமா," என்றேன், சற்று அலட்சியமாக. அவர் வேறெதுவும் கேட்கவில்லை.

பின்னர், குழந்தை ம. சண்முகலிங்கம் 1978 இல் யாழ்ப்பாணத்தில் தொடங்கிய நாடக அரங்கக் கல்லூரியின் வழிவந்த நண்பர்களிடம் அரங்க விளையாட்டுக்களைக் கற்றேன். ஆசிரியத் தொழிலிற் பாடத்தைவிட அவையே எனக்குக் கைகொடுத்தன. (அதிபர்கள் இதனைப் பெரிதும் விரும்பினர் என்று சொல்வதற்கில்லை.)

2004 மார்கழிக் கடற்கோளின் பின் கரையோர முகாமொன்றிற்குச் சென்றோம். மேடையில்லை, திரையில்லை. மணலிற் குச்சியால் வட்டங்கீறிப் பிள்ளைகளை ஆடவைத்தோம். கடலைக் கதையிற் சேர்ப்பதா விடுவதா என்று நாங்கள் வாதிட்டுக்கொண்டிருக்க, அவர்களே சீலையொன்றை இருபுறமும் பிடித்து அலையாக்கிவிட்டனர். ஆசை தாங்காமல் நானும் சதங்கை கட்டினேன். முதுமை, இரண்டாம் சுற்றிற் கால் தடுமாறியது, பாட்டடியும் மறந்தது.

"தம்பி, தாளம் பிந்துது!" என்றது முதுகுப்புறத்திலிருந்து ஒரு கிழவரின் குரல். மறந்த அடியை அவரே எடுத்துப் பாட, அருகிலிருந்த பெண்கள் பிற்பாட்டாகத் தொடர்ந்தனர். நான் திரும்பிப் பார்க்கவில்லை. தாளத்தைப் பிடித்து அடுத்த சுற்றை ஆடினேன்.