டைட்டில் கார்டில் மூன்று வேலை

திருவண்ணாமலை தேரடி வீதி டீக்கடையில் உட்கார்ந்தால் எப்படியும் ஒரு தம்பி வந்து கேட்டுவிடுவான்: “சினிமாவுக்கு எழுதணும் சார், யாரைப் பார்க்கணும்?” உட்கார் தம்பி, டீ சொல்லியாச்சு. யாரைப் பார்ப்பது என்பதை அப்புறம் பேசுவோம். நீ என்ன எழுதப் போகிறாய் என்பதை முதலில் தீர்த்துக்கொள்வோம்.

டைட்டிலில் கதை, திரைக்கதை, வசனம் என்று வரும். பல படங்களில் மூன்றுமே இயக்குநர் பெயரில் இருப்பதால் எல்லாம் ஒரே வேலை என்று தோன்றும். மூன்றும் மூன்று வேலை. யாருக்கு என்ன நடந்தது என்பது கதை. அதில் எதை முன்னால் காட்டுவது, எதை மறைத்து வைப்பது, எந்தக் காட்சியை எங்கே அறுப்பது என்பது திரைக்கதை. இவ்வளவும் முடிந்த பிறகும் வாயைத் திறந்து சொல்லியாக வேண்டியது என்று மிஞ்சுவதுதான் வசனம்.

இங்கேயே வைத்துப் பார்ப்போம். பாகம் பிரிப்பதில் முறைத்துக்கொண்ட அண்ணன் தம்பி இரண்டு பேர் பௌர்ணமிக்குக் கிரிவலம் வருகிறார்கள். சிறுகதையில் ‘இருவருக்கும் மனசு ஆறவில்லை’ என்று எழுதிவிட்டுப் போகலாம். கேமராவுக்கு மனசு தெரியாது. அண்ணன் அக்னி லிங்கத்தில் நின்று கும்பிடுகிறான், தம்பி நிற்காமல் போகிறான். 14 கிலோமீட்டர் சுற்றில் எந்த இடத்தில் ஒருவன் மற்றவனுக்காக நடையைக் குறைக்கிறான்? அதைக் கண்டுபிடிப்பது திரைக்கதை. அங்கே அண்ணன் “கால் வலிக்குதாடா?” என்று கேட்டால் அது வசனம். “சொத்து பெரிசா, சொந்தம் பெரிசா?” என்று கேட்டால் அந்த வரியை அடித்துவிடு.

வசனத்துக்கு எழுத்தாளர் பாலகுமாரனை எடுத்துக்கொள். இங்கே வாழ்ந்த யோகி ராம்சுரத்குமாரைக் குருவாக ஏற்றவர் என்பதால் நம்ம ஊருக்கு அவர் அந்நியர் இல்லை. 1946-இல் தஞ்சை மாவட்டம் பழமார்நேரியில் பிறந்தார், டிராக்டர் கம்பெனியில் வேலை பார்த்தார். ‘மெர்க்குரிப் பூக்கள்’, ‘இரும்பு குதிரைகள்’ நாவல்களால் பேர் வாங்கிய பிறகும், சினிமாவுக்குப் போனபோது பாலசந்தரிடம் உதவியாளராகத்தான் சேர்ந்தார். வாசகர் கூட்டம் பின்னால் இருந்த ஒருவர் செட்டில் போய் நின்று தொழில் கற்றுக்கொண்டார் என்பதை நான் ரொம்பப் பெரிதாக நினைக்கிறேன்.

1987-இல் ‘நாயகன்’. படம் மணிரத்னத்தினுடையது, வசனம் பாலகுமாரன். நாவலில் பக்கம் பக்கமாக மனதைப் பேசவிட்டவர், வேலு நாயக்கருக்கு அரை வரி, முக்கால் வரி என்று கொடுத்தார். 1991-இல் ‘குணா’. அதில் நாயகன் அறைக்குள் சுற்றிச் சுற்றி நடந்து மூச்சுவிடாமல் பேசுகிறான். 1995-இல் ‘பாட்ஷா’வுக்கு எழுதியபோது தியேட்டரின் கடைசி வரிசை வரை போய் விழ வேண்டிய பேச்சு தேவைப்பட்டது. 2006-இல் ‘புதுப்பேட்டை’, அப்போது அவருக்கு அறுபதை நெருங்கும் வயது. சென்னை ரவுடிகளின் பேச்சை எழுதினார். நாலையும் அடுத்தடுத்துப் பார். ஒரே கை எழுதியது என்று காது ஒத்துக்கொள்ளாது. தன் நடையை வீட்டில் வைத்துவிட்டுப் பாத்திரத்தின் வாய்க்குள் போகிற இந்தத் திறமைதான் வசனகர்த்தாவுக்கு மூலதனம். இதற்கு நடுவில் நாவல்களையும் விடாமல் எழுதினார், ராஜராஜ சோழனைப் பற்றி ‘உடையார்’ என்று பல பாகம் எழுதினார். சினிமா கூப்பிடாத மாதங்களில் ஓர் எழுத்தாளனைத் தாங்குவது அவனுடைய சொந்த எழுத்துதான். 2018-இல் காலமானார்.

டி.வி. வேறு மாதிரி. 1990-களில் ‘மர்மதேசம்’ வாரம் ஒரு பகுதியாக வந்தது. அந்த வரிசையில் இந்திரா சௌந்தர்ராஜன் கதையில் நாகா இயக்கிய ‘விடாது கருப்பு’வில் ஒரு முடிச்சு விழுந்தால், வாரம் முழுக்க வீடு வீடாக அதைப் பேச நேரம் இருந்தது. இன்று தினசரித் தொடர். பல இடங்களில் திரைக்கதை ஒருவர், வசனம் இன்னொருவர். ராத்திரி சீன் வரும், காலையில் ஷூட்டிங்குக்கு வசனம் போக வேண்டும். ஒரு நடிகைக்கு அன்றைக்குக் கால்ஷீட் இல்லையென்றால் அவர் நேரில் வருகிற காட்சியைப் போன் பேச்சாக மாற்ற வேண்டும். சம்பளம் பெரும்பாலும் எபிசோடு கணக்கு. இதை மட்டமான வேலை என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. தினமும் எழுதி, மறுநாளே பத்துப் பேர் வாயில் அதைக் கேட்டு, எது நிற்கிறது, எது விழுகிறது என்று தெரிந்துகொள்ள இதைவிட நல்ல பயிற்சி எங்கும் கிடையாது.

நான் கவலைப்படுவது உரிமை விஷயத்தில். கதை டிஸ்கஷனில் உட்கார்ந்து வருஷக்கணக்கில் ஐடியா கொடுத்த பையன்கள் எத்தனையோ பேர், பேட்டாவோடு சரி, பேர் வராது. 2018-இல் ‘சர்கார்’ வெளியாகும் முன், வருண் ராஜேந்திரன் என்ற எழுத்தாளர், தான் ‘செங்கோல்’ என்று சினிமா எழுத்தாளர் சங்கத்தில் பதிவு செய்திருந்த கதையோடு அது ஒத்துப்போகிறது என்றார். படத்தின் இயக்குநர் முருகதாஸ் மறுத்தார். சங்கத் தலைவர் பாக்யராஜ் ஒற்றுமை இருப்பதாகச் சொன்னார். விவகாரம் உயர் நீதிமன்றம் வரை போய்ச் சமரசமாகி, வருண் பேருக்குப் படத்தில் இடம் கிடைத்தது. அந்தப் பதிவு இல்லாமல் இருந்தால் அவர் கையில் என்ன இருந்திருக்கும்?

அமெரிக்காவில் திரைக்கதையாளர்கள் 2023-இல் 148 நாள் வேலைநிறுத்தம் செய்து, ஓடிடியில் அதிகம் பார்க்கப்படும் படைப்புகளுக்குப் போனஸையும் செயற்கை நுண்ணறிவுக்கு வரம்பையும் ஒப்பந்தமாக வாங்கினார்கள். நம் நாட்டில் 2012-இல் பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டு, தியேட்டரில் காட்டுவது தவிர மற்ற வழிகளில் படத்திலுள்ள எழுத்துக்கு ராயல்டி பெறும் உரிமையை எழுத்தாளரே நினைத்தாலும் விட்டுக்கொடுக்க முடியாது என்று ஆனது. பாடலாசிரியர்களும் இசையமைப்பாளர்களும் அதைப் பிடித்துக்கொண்ட அளவுக்கு நம்மவர்கள் பிடித்துக்கொள்ளவில்லை.

அதனால் சென்னைக்கு பஸ் ஏறுவதற்கு முன் ஒன்லைனோடு நிற்காதே, சீன் ஆர்டர் வரை முழுசாக எழுது. சங்கத்தில் பதிவு செய்த பிறகே கதை சொல்லப் போ. யாரிடம், எந்தத் தேதியில் சொன்னாய் என்று ஒரு நோட்டில் குறித்து வை. அட்வான்ஸ் கொடுத்தால், அது கதைக்கா, திரைக்கதைக்கா, வசனத்துக்கா, மூன்றுக்குமா, டைட்டிலில் பேர் எப்படி வரும் என்று எழுத்தில் கேள். கேட்டால் வேலை போய்விடும் என்று கூட இருப்பவர்கள் பயமுறுத்துவார்கள். அப்படியும் கேள்.