விளிம்பில் பொறித்த எண்: காரின் பிரேக் வட்டுகளைப் பற்றி

இந்த அவைக்கு வந்திருக்கும் ஆசிரியர்களில் சிலர் தீவு விரைவுச்சாலை வழியாகவோ தெம்பனிஸ் விரைவுச்சாலை வழியாகவோ காரோட்டி வந்திருப்பீர்கள். வழியில் எத்தனை முறை பிரேக்கை மிதித்தீர்கள் என்று கேட்டால் சொல்வது கடினம். எண்ணிக்கை நம் நினைவில் நிற்பதில்லை. சக்கரத்துக்குள் இருக்கும் ஓர் இரும்பு வட்டில் நிற்கிறது. ஒவ்வொரு மிதியும் அதன் மேற்பரப்பிலிருந்து கண்ணுக்குத் தெரியாத அளவு இரும்பைச் சுரண்டிச் செல்கிறது.

சில மாதங்களுக்கு முன் என் காரில் அதை உணர்ந்தேன். விரைவுச்சாலையிலிருந்து இறங்கும்போது பிரேக்கை மிதித்தால் ஓட்டுவளையம் கையில் நடுங்கியது. தெம்பனிஸ் தொழிற்பேட்டையில் ஒரு பட்டறைக்குக் கொண்டுபோனேன். அங்கிருந்தவர் சக்கர ஆரங்களின் இடைவெளியில் கைவிளக்கை அடித்துப் பார்த்துவிட்டு, நான்கு வட்டுகளும் வளைந்துவிட்டன, நான்கையும் மாற்ற வேண்டும் என்றார். எத்தனை மில்லிமீட்டர் தேய்ந்திருக்கிறது என்று கேட்டேன். பதில் வரவில்லை. காரின் வாகன உரிமைச் சான்றிதழ் முடிவதற்கோ எட்டு மாதங்களே இருந்தன. எட்டு மாதத்தில் கழிவுக்குப் போகவிருக்கும் வண்டிக்குச் சில நூறு வெள்ளி செலவிடுவதா? இவ்வூரில் கார் வைத்திருக்கும் எவருக்கும் ஒருநாள் இந்தக் கேள்வி வந்தே தீரும். இதற்கு விடை காண வட்டைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது.

முதலில் சொற்கள். பட்டறைகளில் ‘டிஸ்க்’ என்றும் ‘ரோட்டர்’ என்றும் வழங்குவதை இங்கே வட்டு என்கிறேன். குறுவட்டைப் பார்த்துப் பழகிய நமக்கு அச்சொல் புதிதன்று. வட்டின் இருபுறமும் அமர்ந்து அதை நெருக்கும் ‘பேட்’, உராய்வுப் பட்டை. பட்டைகளைத் தாங்கி நெருக்கும் உறுப்புக்கு ‘கேலிப்பர்’ என்றே பெயர். ஆய்வுக்கூடத்தில் கனம் அளக்கும் கருவிக்கும் அதே பெயர்தான். குழப்பம் தவிர்க்க உறுப்பை இடுக்கி என்றும் கருவியை அளவி என்றும் குறிப்பிடுகிறேன்.

வட்டு பிரேக் புதிய கண்டுபிடிப்பன்று. பிரெடெரிக் லான்செஸ்டர் என்னும் ஆங்கிலேயப் பொறியாளர் 1902இலேயே அதற்குக் காப்புரிமை பெற்றார். ஆனால் தக்க உராய்வுப் பொருள் அன்று இல்லை. அரை நூற்றாண்டுக்குப் பிறகு, 1953இல் பிரான்சின் லெ மான் 24 மணிநேரப் பந்தயத்தை வட்டு பிரேக் பூட்டிய ஜாகுவார் கார் வென்றபோதுதான் உலகம் திரும்பிப் பார்த்தது. 1955இல் வெளிவந்த சித்ரோவென் டிஎஸ் அதைச் சாதாரணக் குடும்பங்களிடம் கொண்டுவந்தது. தமிழகமும் இத்தொழிலில் பின்தங்கவில்லை. சென்னையை அடுத்த பாடியில் பிரேக்ஸ் இந்தியா நிறுவனம் 1962இல் தொடங்கப்பட்டது.

பிரேக்கின் வேலை வண்டியின் இயக்க ஆற்றலை வெப்பமாக மாற்றுவது. மாணவர்கள் இதைத் தாளில் போட்டுப் பார்க்கலாம். 1,400 கிலோகிராம் எடையுள்ள கார் மணிக்கு 60 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும்போது அதன் இயக்க ஆற்றல் ஏறத்தாழ 195 கிலோஜூல். நம் ஊர் வெப்பநிலையில் இருக்கும் முக்கால் லிட்டருக்குச் சற்றுக் குறைவான நீரைக் கொதிநிலைக்குக் கொண்டுவர அவ்வளவு ஆற்றல் போதும். வேகம் 90 ஆனால் ஆற்றல் 437 கிலோஜூலாகிவிடுகிறது; ஒன்றரை லிட்டர் நீர் கொதிக்கும். வேகம் ஒன்றரை மடங்கு, வெப்பம் இரண்டே கால் மடங்கு. அந்த வெப்பத்தை முதலில் வாங்கி வைத்துக்கொண்டு, பிறகு மெல்லக் காற்றுக்கு விடுவது வட்டு.

அதனால்தான் வட்டைப் பெரும்பாலும் சாம்பல்நிற வார்ப்பிரும்பால் செய்கிறார்கள். எஃகைவிட வலிமை குறைந்த இந்த இரும்பை ஏன் தேர்ந்தார்கள் என்று வியக்கத் தோன்றும். பென்சில் முனையில் உள்ள அதே கிராஃபைட் இதற்குள் மெல்லிய செதில்களாகப் பரவியிருக்கிறது. செதில்கள் வெப்பத்தை விரைந்து கடத்துகின்றன, அதிர்வையும் விழுங்கிக்கொள்கின்றன. எஃகு வட்டு மணிபோல ஒலிக்கும் இடத்தில் வார்ப்பிரும்பு வட்டு மந்தமாகவே ஒலிக்கும். கிறீச்சொலி கேளாமல் நாம் காரோட்டுவதற்கு இந்தக் குணமும் ஒரு காரணம்.

இனி என் காருக்கு வருவோம். இரண்டாவதாக நான் சென்ற பட்டறையின் மெக்கானிக் வயதில் மூத்தவர். “சார், கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது, அளந்து பார்த்துவிடுவோம்,” என்றார். நான்கு சக்கரங்களையும் கழற்றினார். வட்டின் நடுக்கிண்ணத்தைக் கம்பித் தூரிகையால் தேய்த்ததும் துருவுக்கடியிலிருந்து ஓர் எண் தெளிந்து வந்தது: 23. அதுவே அந்த வட்டுக்கு உற்பத்தியாளர் அனுமதிக்கும் குறைந்தபட்சக் கனம், மில்லிமீட்டரில். பெரும்பாலான வட்டுகளில் இந்த எண் கிண்ணத்திலோ வெளி விளிம்பிலோ பொறிக்கப்பட்டிருக்கும். பல கார்களில் புதிய கனத்துக்கும் இந்த எண்ணுக்கும் உள்ள வேறுபாடு இரண்டு மில்லிமீட்டர் அளவுதான், பக்கத்துக்கு ஒன்று. பத்தாண்டு ஓட்டத்துக்கும் நமக்குத் தரப்பட்ட முதல் அவ்வளவே.

அளப்பதில் ஒரு சூழ்ச்சி உண்டு. உராய்வுப் பட்டை வட்டின் வெளி ஓரம் வரை எட்டுவதில்லை. ஆதலால் தேய்ந்த பகுதியைச் சுற்றி, தேயாத ஒரு வரம்பு வயல்வரப்பைப்போல் உயர்ந்து நிற்கும். சாதாரண அளவியின் தாடைகள் அந்த வரம்பின்மேல் உட்கார்ந்துவிட்டால் தேய்ந்த வட்டும் புதியதுபோல் எண் காட்டும். கூர்முனை கொண்ட மைக்ரோமீட்டர் இருந்தால் இடர் இல்லை. இல்லையெனில் ஒரே மதிப்புள்ள இரண்டு நாணயங்களை வட்டின் இருபுறமும் தேய்ந்த பரப்பில் வைத்து, மொத்தத்தை அளந்து, நாணயங்களின் கனத்தைக் கழித்துவிடலாம். நாணயம் வரம்பைவிடக் கனமாக இருந்தால் போதும். வட்டைச் சுற்றி ஐந்தாறு இடங்களில் அளந்து, கிடைப்பவற்றுள் சிறிய எண்ணையே கணக்கில் எடுக்க வேண்டும்.

என் காரின் முன் வட்டுகள் 22.6, 22.8. இரண்டும் எல்லைக்குக் கீழே. பின் வட்டுகளில் பொறித்த எண் 8; அளவோ 8.7. முதல் பட்டறை சொன்னதில் பாதி சரி, பாதி வீண் செலவு. ‘வளைந்துவிட்டது’ என்றது மட்டும் பெரும்பாலும் பிழை. ஓட்டுவளைய நடுக்கத்துக்கு வட்டு உண்மையிலேயே வளைந்திருப்பது அரிது. வட்டு அமரும் சக்கரக் குடத்தின் முகத்தில் சிறிது துரு இருந்தாலே வட்டு மிக நுண்ணிய அளவில் சாய்ந்து சுழலும். சுற்றுக்கு ஒருமுறை பட்டையைத் தொட்டுத் தொட்டு ஒரே இடத்தில் தேயும். சுற்றளவில் கனம் ஓரிடத்துக்கு ஓரிடம் மில்லிமீட்டரில் நூறில் இரண்டு பங்கு மாறினாலே கை அதை உணர்ந்துவிடும். துருவை நீக்காமல் புதிய வட்டை மாட்டினால் சில ஆயிரம் கிலோமீட்டரில் அதே நடுக்கம் திரும்பி வரும். பழி புதிய வட்டின்மேல் விழும்.

சரி, 22.6க்கும் 23க்கும் இடையே 0.4 மில்லிமீட்டர். எட்டு மாதம் பொறுத்தால் என்ன? நானும் அப்படித்தான் நினைத்தேன். புதிதில் 25 மில்லிமீட்டர் இருந்த வட்டில் 2.4 போயிருக்கிறது, பத்தில் ஒரு பங்குகூட இல்லையே என்று. ஆனால் முன் வட்டு முழுத் திண்மமன்று. இரண்டு தகடுகளுக்கு நடுவே காற்றோடும் வெற்றிடம் இருக்கிறது. தகடு ஒவ்வொன்றும் புதிதில் ஏழெட்டு மில்லிமீட்டர் கனமே. அதிலிருந்து 1.2 போனால் இழப்பு ஆறில் ஒரு பங்கு. மெலிந்த தகடு அதே வெப்பத்துக்கு அதிகம் சூடேறும், எளிதில் வெடிப்பு விடும். பட்டையும் சேர்ந்து தேய்ந்திருந்தால் இடுக்கிக்குள் இருக்கும் பிஸ்டன் தன் இருப்பிடத்தைவிட்டு அளவுக்கு மீறி வெளியே நீள வேண்டிவரும்.

தெம்பனிஸ் நிழற்சாலைகளில் ஓட்டும்வரை இது பெரிதாகத் தெரியாது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். தனியொரு நிறுத்தத்தில் வட்டின் வெப்பம் சில பத்துப் பாகைதான் உயரும். அடுத்த விளக்குக்குள் ஓரளவு ஆறிவிடும். ஆனால் பள்ளி விடுமுறையில் நம்மவர் பலர் குடும்பத்தோடு மலேசியாவுக்குச் செல்கிறார்கள்; கெந்திங் மலைக்கும் கேமரன் மலைக்கும் ஏறுகிறார்கள். ஆயிரம் மீட்டர் உயரம் இறங்கும்போது கார் இழக்கும் நிலை ஆற்றல், மணிக்கு 90 கிலோமீட்டர் வேகத்திலிருந்து 31 முறை முற்றாக நிறுத்துவதற்குச் சமம். வண்டியின் எடை என்னவாயினும் இந்த 31 மாறாது. ஏன் என்பதை இயற்பியல் மாணவர்கள் ஒரு வரியில் காட்டிவிடுவர். அவ்வளவையும் பிரேக்கின்மேல் சுமத்தாமல், தாழ்ந்த கியரில் இறங்கி எஞ்சினிடமும் ஒரு பங்கைக் கொடுப்பதே முறை. என் வீட்டிலும் டிசம்பர் பயணம் முடிவாகியிருந்தது. பொறுக்கலாம் என்ற எண்ணத்தை அந்தக் கணக்கோடு கைவிட்டேன்.

“கட்டாயப் பரிசோதனையில் தேறிவிட்டதே” என்று சிலர் ஆறுதல் கொள்வர். மூன்றாண்டு கடந்த கார் ஈராண்டுக்கு ஒருமுறையும் பத்தாண்டு கடந்த கார் ஆண்டுதோறும் இங்கே பரிசோதனைக்குச் செல்ல வேண்டும். அங்கே உருளைகளின்மேல் சக்கரத்தை ஏற்றிப் பிரேக் விசையை அளக்கிறார்கள். அந்த எண் அன்றைய விசையைச் சொல்லும். வட்டில் இன்னும் எத்தனை மில்லிமீட்டர் மிச்சம் என்பதைச் சொல்லாது.

எந்த வட்டை வாங்குவது? காருக்கு உரிய அளவில், சாதாரணக் காற்றுவழி வார்ப்பிரும்பு வட்டே பெரும்பாலோருக்குப் போதும். துளையிட்ட வட்டு பார்வைக்கு அழகு. ஆனால் ஒவ்வொரு துளையும் வெடிப்பு தொடங்க ஓர் இடம். பள்ளம் கீறிய வட்டு பட்டையைச் சற்று விரைந்து தேய்க்கும். இரண்டும் பந்தயத்தில் பிறந்தவை, அங்கே அவற்றுக்குப் பொருள் உண்டு. நம் ஈரக்காற்றில் உண்மையில் பயன் தருவது வேறு: கிண்ணமும் விளிம்பும் துருப்பிடிக்காதபடி பூச்சிட்ட வட்டு. மாற்றுறுப்புகளுக்கான ஐரோப்பிய 90ஆம் விதியின்படி ஒப்புதல் பெற்றதற்கான, வட்டத்துக்குள் ‘ஈ’ என்னும் எழுத்தும் நாட்டு எண்ணும் கொண்ட முத்திரை இருந்தால் கூடுதல் நம்பிக்கை. மழைக்குப் பின் காலையில் வட்டின்மேல் தோன்றும் செம்மஞ்சள் படலத்தைக் கண்டு அஞ்ச வேண்டா. இரண்டு மூன்று மிதியில் போய்விடும்.

மாற்றும் வேலையைப் பட்டறையிடம் விட்டாலும் சிலவற்றை நின்று கவனிக்கலாம். இடம் வலம் இரண்டையும் சேர்த்தே மாற்ற வேண்டும்; ஒன்றை மட்டும் மாற்றினால் வண்டி ஒருபுறம் இழுக்கக்கூடும். புதிய வட்டுக்குப் புதிய பட்டை. கழற்றிய இடுக்கியை அதன் எண்ணெய்க் குழாயில் தொங்கவிடாமல் கம்பியால் கட்டித் தாங்க வேண்டும். குடத்தின் முகம் பளிச்சிடும்வரை துரு நீங்க வேண்டும். புதிய வட்டின்மேல் துருத்தடுப்பு எண்ணெய் பூசியிருந்தால் அதையும் கழுவ வேண்டும். கடைசியாக, வண்டியை நகர்த்துமுன் பிரேக் மிதி கெட்டியாகும்வரை பலமுறை மிதித்தாக வேண்டும். பிஸ்டன்கள் உள்ளே தள்ளப்பட்டிருப்பதால் முதல் மிதி வெறுமையாகத் தரைவரை போகும். இதை மறந்து பட்டறை வாசலிலேயே எதிர்ச்சுவரில் முட்டியவர்கள் உண்டு.

பிறகு பழக்கும் வேலை. ஆளற்ற நேரத்தில் 60இலிருந்து 20க்கு, முற்றாக நிறுத்தாமல், பத்துமுறை மென்மையாக வேகம் குறைக்க வேண்டும். பட்டையின் மெல்லிய படலம் வட்டெங்கும் சீராகப் படியவே இது. ஞாயிற்றுக்கிழமை விடியலில் அதைச் செய்து முடித்தேன். நடுக்கம் போயிற்று.

கழற்றிய வட்டுகளுள் ஒன்றைக் கேட்டு வாங்கி வந்தேன். பட்டை தொடும் பரப்பின் வெளிவிட்டம் 275 மில்லிமீட்டர், உள்விட்டம் 165. தேய்ந்த 2.4 மில்லிமீட்டரை அதனோடு பெருக்கினால் ஒரே வட்டிலிருந்து ஏறத்தாழ 650 கிராம் இரும்பு தூளாகியிருக்கிறது. எங்கே போயிற்று? சாலைக்கும் வடிகாலுக்கும் காற்றுக்கும். ஐரோப்பிய ஒன்றியம் தன் ஏழாம் யூரோ விதிகளில் பிரேக் தூளுக்கு முதன்முறையாக வரம்பு விதித்ததன் காரணம் இதுவே. மின்கார்களில் நிலைமை தலைகீழ்: வேகத்தைக் குறைக்கும் வேலையில் பெரும்பங்கை மோட்டாரே ஏற்று மின்கலத்துக்குத் திருப்பிவிடுவதால், அங்கே வட்டு தேய்வதைவிடப் பயன்படாமல் துருவேறுவதே கவலை. 2030 முதல் இங்கே புதிதாகப் பதிவாகும் கார்கள் தூய எரிசக்தி வகையாகவே இருக்க வேண்டும் என்பதால், இந்த இரண்டாம் கவலை நம் மாணவர்களுக்கு உரியதாகும்.

அந்த வட்டை வகுப்புக்குக் கொண்டுசென்று, அளவியும் பத்துக் காசு நாணயங்களும் கொடுத்து, கனம் என்ன என்று மட்டும் கேட்டேன். மூன்று குழுக்கள் 22.6 என்றும் 22.7 என்றும் எழுதின. நான்காவது குழு நாணயங்களைத் தொடவே இல்லை, 24.7 என்று எழுதி, வட்டு நன்றாக இருக்கிறது, இன்னும் ஓட்டலாம் என்று அடியில் சேர்த்திருந்தது.