உங்களுக்குத் தெரியுமா? கடல் நடுவே எண்ணெய்க் காவல்

இந்தியக் கடல்களில் எண்ணெய் எடுக்கும் மேடைகளைக் காப்பதற்காக, 2008 மும்பைத் தாக்குதலுக்குப் பின் 23 அதிவேகக் காவல் படகுகளை விலை கொடுத்து வாங்கியது எண்ணெய் நிறுவனமான ஓஎன்ஜிசி. அவற்றை ஆயுதங்களுடன் இயக்குபவர்களோ கடற்படையினர்.

• இக்காவல் குறித்து அரசுக்கு ஆலோசனை கூறுவதற்கென்றே, கடல்சார் பாதுகாப்பு ஆலோசனைக் குழுவின் தலைவராக, ரியர் அட்மிரல் நிலையிலுள்ள கடற்படை அதிகாரி ஒருவர் மும்பையில் பணியாற்றுகிறார்.

• ஒவ்வொரு மேடையைச் சுற்றியும் 500 மீட்டர் வரை 'பாதுகாப்பு வளையம்' எனப்படும், பிற கலங்கள் அனுமதியின்றி நுழையக்கூடாத பரப்பு உண்டு. கடல்சட்டம் பற்றிய ஐ.நா. உடன்படிக்கை பொதுவாக அனுமதிக்கும் உச்ச அளவு இதுவே என்பதால், விரைந்து வரும் படகொன்று எல்லையைக் கடந்துவிட்டால், அது மீன்பிடிப் படகா, பகைவர் படகா என்று அறியக் காவலிலுள்ள அதிகாரிக்குக் கிடைப்பது சில விநாடிகளே. காவலின் மிகக் கடினமான பகுதி இதுவே எனலாம்.

• மும்பைக்கு மேற்கே ஏறத்தாழ 160 கிலோமீட்டரில், 1974-இல் எண்ணெய் கண்டறியப்பட்ட மும்பை ஹை உள்ளிட்ட மேற்குக் கடற்பரப்பில், ஆறு மாதங்களுக்கு ஒருமுறை நடைபெறும் 'பிரஸ்தான்' பயிற்சியில், மேடைக்குள் ஊடுருவல், தீவிபத்து, எண்ணெய்க் கசிவு, ஆள் கடலில் விழுதல் ஆகியவை ஒத்திகை பார்க்கப்படுகின்றன.